என் கையெழுத்து மட்டும் செல்லும்

மஜும்தார் பாபு பொய் சொன்னார். ஒரு தடவை இல்லை. என் அப்பாவின் முகத்தைப் பார்த்து ஒரு தடவை, கோர்ட்டு வராந்தாவில் ஒரு தடவை, நான் வேலை பார்த்த பள்ளிக்கூடத்துக்கே வந்து என் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு ஒரு தடவை.

"பெயரைப் போட வேண்டாமே" என்று இந்தப் பத்திரிகையின் ஆசிரியர் போனில் சொன்னார். குடும்பப் பெயரை மட்டும்தான் போட்டிருக்கிறேன். கல்கத்தாவில் எந்தப் பஸ்ஸில் ஏறினாலும் இரண்டு மஜும்தார்கள் உட்கார்ந்திருப்பார்கள். நான் எந்த மஜும்தாரைச் சொல்கிறேன் என்று அந்த மஜும்தாருக்குத் தெரியும். எனக்கு அது போதும்.

போன வாரம் இந்தப் பக்கத்தில், அப்பா துறைமுகத்தில் ஓட்டிய கிரேனைப் பற்றி எழுதியதைப் படித்துவிட்டு, மனதுக்கு இதமாக இருந்தது என்று மதுரையிலிருந்து ஒரு வாசகர் எழுதியிருந்தார். இந்த வாரம் இதமாக இருக்காது. முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

தலைகீழாகத் தொங்கிய செடி

காளிகாட்டில் ஒரு சந்து. சந்துக்குள் ஒரு பழைய வீடு. அதன் மாடியில்தான் நான் வேலை பார்த்த தனியார் பள்ளிக்கூடம் நடந்தது. ஒரு காலத்தில் யாரோ ஒரு வக்கீலின் படுக்கையறையாக இருந்த இடத்தில் மூன்றாம் வகுப்பு. அதற்கு நான் வகுப்பாசிரியை.

மழைக்காலம். ஜன்னலுக்கு நேர் கீழே கோயிலுக்குச் செம்பருத்தி மாலை கட்டுகிற கடை. அதை ஒட்டி மிட்டாய்க் கடை. நனைந்த பூ, கொதிக்கிற பாகு, சாக்கடை மூன்றும் சேர்ந்து மாடிக்கு ஏறி வரும். பிள்ளைகளுக்கு அது பழக்கம். எனக்கும்.

அன்றைக்குக் கரும்பலகைக்கு முன்னால் நான் நிற்கவில்லை. ருமா என்கிற பெண் நின்றாள். வெள்ளைச் சேலை, நீலக் கரை. மஜும்தார் பாபுவின் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிச் சீருடை. கற்பித்தல் பயிற்சிக்காக எங்கள் பள்ளிக்கு வந்திருந்தாள். செடியின் பாகங்கள் பாடம். இரண்டு நாள் உட்கார்ந்து வரைந்த சார்ட்டைக் கொண்டுவந்திருந்தாள். பதற்றத்தில் அதைத் தலைகீழாக மாட்டிவிட்டாள். வேர் மேலே, பூ கீழே.

முன் வரிசையில் ஒரு வாண்டு, "தீதிமணி, செடி விழுந்திருச்சு" என்றது. வங்காளப் பிள்ளைகள் டீச்சரை அப்படித்தான் கூப்பிடுவார்கள். வகுப்பே சிரித்தது. ருமா கையில் இருந்த சாக்பீஸ் இரண்டாக உடைந்தது. இன்னும் ஒரு நிமிஷம் விட்டால் அழுதிருப்பாள்.

கடைசி பெஞ்சில் இருந்து நான் சொன்னேன்: "எடுக்காதே. அப்படியே இருக்கட்டும். இப்படி இருந்தா செடிக்கு என்ன ஆகும்னு அவங்ககிட்டயே கேளு."

கேட்டாள். அவ்வளவுதான். தண்ணி எப்படிக் குடிக்கும், காற்றடித்தால் என்ன ஆகும், பூவை மாடு தின்னுமே என்று ஆளுக்கொரு பக்கம் கத்தினார்கள். பாடம் தானாக நடந்தது. கடைசியில் சார்ட்டைத் திருப்பி மாட்டியது ருமா இல்லை, பிள்ளைகள்.

மணி அடித்ததும் பாடக்குறிப்பு நோட்டை நீட்டினாள். "தீதி, ஒரு கையெழுத்து."

ஒவ்வொரு பாடத்தையும் ஒருவர் பின்னால் உட்கார்ந்து கவனித்து, நன்றாக நடத்தினாள் என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அது இல்லாமல் பயிற்சி முடிந்ததாகக் கணக்கில்லை. நோட்டின் அடியில் அச்சடித்திருக்கும்: பயிற்சி பெற்ற வகுப்பாசிரியர் கையொப்பம்.

பயிற்சி பெற்ற. அதை நன்றாகப் படித்துக்கொள்ளுங்கள். ஏனென்றால் அந்த நிமிஷத்தில் இந்த நாட்டுச் சட்டப்படி நான் பயிற்சி பெற்றவள் இல்லை. மாநில அரசு சொல்லிவிட்டது. தில்லி சொல்லிவிட்டது. கோர்ட்டும் சொல்லிவிட்டது.

நான் கையெழுத்துப் போட்டேன். அது செல்லுபடியானது.

கல்யாண மண்டபத்தில் ஒரு கல்லூரி

கொஞ்சம் பின்னால் போகிறேன். தொண்ணூறுகளில் பாதி போயிருந்த சமயம். நாங்கள் கார்டன் ரீச் பக்கம் துறைமுகக் குவார்ட்டர்ஸில் இருந்தோம். அப்பா தூத்துக்குடிக்காரர். மற்ற தமிழ்க் குடும்பங்கள் பிள்ளைகளை இங்கிலீஷ் பள்ளிக்கு அனுப்ப, அப்பா என்னைப் பக்கத்தில் இருந்த வங்காளப் பள்ளியில் போட்டார். காரணம் பெரிதாக ஒன்றும் இல்லை. அதற்கு ரோட்டைக் கடக்க வேண்டாம்.

அதனால் எனக்கு வங்காளம் நன்றாக வரும். இரண்டாவது தாய்மொழி மாதிரி. சண்டை போடுவதற்குத் தமிழை விட அதுதான் வசதி.

லேக் மார்க்கெட்டில் காப்பித்தூள் வாங்கப் போகும்போது ஒரு மாமாவைப் பார்ப்போம். மத்திய அரசு ஆபீசில் பெரிய பதவியில் இருந்தவர். எல்லோருக்கும் இலவசமாக யோசனை சொல்லுவார். "பெங்காலி மீடியம் படிச்ச தமிழ்ப் பொண்ணு ரெண்டு பக்கத்துக்கும் உதவாது. டைப்ரைட்டிங் போடுங்கோ, ஷார்ட்ஹேண்ட் போடுங்கோ" என்றார். அவருடைய பையன் வீட்டிலேயே தமிழ் பேச மாட்டான். அதைப் பற்றி அவருக்கு யோசனை இல்லை.

எனக்கு அரசு ஆரம்பப் பள்ளியில் டீச்சர் ஆக வேண்டும். வேறு எதுவும் வேண்டாம். ஆள் எடுக்கும்போது ஆசிரியர் பயிற்சிக்குத் தனியாக மதிப்பெண் போடுவார்கள். அது இல்லாதவர்கள் வரிசையில் நின்றுவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். அதனால் பயிற்சி எடுக்க வேண்டும்.

மஜும்தார் பாபுவின் கல்லூரி ஒரு கல்யாண மண்டபத்தின் மாடியில் நடந்தது. நான் மிகைப்படுத்தவில்லை. முகூர்த்த நாட்களில் எங்களை மொட்டை மாடிக்கு விரட்டிவிடுவார்கள். கீழே மீன் வறுபடும், ஷெனாய் ஊதும், மேலே நாங்கள் குழந்தை உளவியல் படிப்போம். பாட்டுச் சொல்லிக்கொடுக்க ஒரு ஹார்மோனியம் இருந்தது. அதில் நடுவில் ஒரு கட்டை பேசாது. அந்தச் சுரம் வரும் இடத்தில் எல்லோரும் சத்தமாகப் பாட வேண்டும் என்பது ஏற்பாடு.

சேர்க்கப் போன அன்று அப்பா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார், தன்னுடைய துறைமுக வங்காளத்தில். "இது கவர்மென்ட் வேலைக்குச் செல்லுமா?"

மஜும்தார் பாபு சிரித்தார். வெற்றிலைச் சிவப்பு, ஜர்தாப் புகையிலை வாசனை, கஞ்சி போட்ட வேட்டி. "அண்ணே, உங்க மக என் மக மாதிரி. ஒரே வருஷம். சர்க்காரே பரீட்சை வைக்குது, சர்க்காரே சர்ட்டிபிகேட் குடுக்குது. சர்க்கார் குடுத்ததை சர்க்காரே வேண்டாம்னு சொல்லுமா?"

பஸ்ஸில் திரும்பும்போது அப்பா, "வெவரமான மனுசன்" என்றார்.

விவரமான மனுஷன்தான். அதற்குள் தில்லியில் சட்டம் வந்துவிட்டது. ஆரம்பப் பள்ளி ஆசிரியர் பயிற்சி இரண்டு வருஷம், கல்லூரிக்குத் தில்லி கவுன்சிலின் அங்கீகாரம் வேண்டும். அவர் கல்லூரி ஒரு வருஷம், அங்கீகாரம் இல்லை. அப்பா கேட்ட அன்றைக்கே அவருக்கு இது தெரியும். எப்படித் தெரியும் என்கிறீர்களா? பொறுங்கள். அவர் வக்கீல் சொல்லுவார்.

ஒன்றை மட்டும் சொல்லிவிட வேண்டும். அந்தப் பயிற்சி மோசம் இல்லை. வகுப்பில் எங்கே நிற்க வேண்டும், எப்போது வாயை மூட வேண்டும், ஒரு பிள்ளை தப்பாகச் சொன்ன பதிலை வைத்தே எப்படிப் பாடத்தை நகர்த்த வேண்டும் என்பதெல்லாம் அங்கேதான் படித்தேன். கிதிர்பூரில் ஒரு நகராட்சிப் பள்ளியில் பாடம் நடத்திப் பழகினேன். என்னையும் ஒருவர் பின்னால் உட்கார்ந்து பார்த்தார். கையெழுத்துப் போட்டார்.

முத்திரை எங்களுடையதுதான்

நேர்முகத் தேர்வில் மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த அதிகாரி என் சான்றிதழைக் கையால்கூடத் தொடவில்லை. பேனாவின் பின்பக்கத்தால் என் பக்கம் தள்ளினார். பக்கத்தில் இருந்த கிளார்க்கிடம், "ட்ரெயினிங் இல்லைன்னு போடு" என்றார்.

"சார், அதுல மாநில அரசோட முத்திரை இருக்கு."

"இருக்கு. எங்க முத்திரைதான்."

"அப்புறம்?"

"செல்லாது. அடுத்த ஆளைக் கூப்பிடு."

வெளியே ஷிப்ரா நின்றுகொண்டிருந்தாள். என்னோடு அதே மொட்டை மாடியில் படித்தவள். பேலியாகாட்டாக்காரி. நாக்கில் உப்புக்காகிதம் வைத்திருப்பாள். என் பெயர் செல்வி. அவள் வாயில் அது ஷெல்பி. அவளையும் அதே பேனாவால் தள்ளியிருந்தார்கள்.

"பார்த்தியா ஷெல்பி, நம்ம சர்க்காருக்குத் தன் கையெழுத்தே அடையாளம் தெரியலையாம். கண் டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போகலாமா?"

இரண்டு பேரும் மஜும்தார் பாபுவிடம் போனோம். அவர் பதறவில்லை. எங்களுக்கு மிஷ்டி தொய், அதாவது இனிப்புத் தயிர், வாங்கிவரச் சொன்னார். "தில்லிக்கும் நமக்கும் நடக்கிற சண்டைம்மா இது. நடுவுல நீங்க மாட்டிக்கிட்டீங்க. கேஸ் போடுங்க. நானே கூட நிப்பேன்."

அம்மாவிடம் விஷயத்தைச் சொல்லவே எனக்கு அரை நாள் ஆனது. அவளுக்குப் புரியவில்லை. "ஏட்டி, படிச்சது படிச்சதுதான? அது எப்படிப் படிக்காததா ஆவும்?"

"அதத்தான்மா கோர்ட்டுல கேக்கப் போறோம்."

"இதக் கேக்க கோர்ட்டு எதுக்கு? என்னக் கேட்டாச் சொல்லுவம்லா."

கை தூக்கினேன்

கேஸ் வருஷக்கணக்கில் நடந்தது. பந்த் என்று தள்ளிப்போகும். வக்கீல்கள் வேலைநிறுத்தம் என்று தள்ளிப்போகும். துர்கா பூஜை விடுமுறை என்று தள்ளிப்போகும். பூஜை முடிந்து கோர்ட்டு திறந்தால் எங்கள் வக்கீலுக்கு டைபாய்டு. எங்களைப் போலவே ஏமாந்தவர்கள் மாநிலம் முழுக்க இருந்தார்கள். ஊர்வலம் போனோம். தொண்டை கட்டிப்போகக் கத்தினோம். போலீஸ்காரர்கள் எங்களை வேனில் ஏற்றிக் கொண்டுபோய், ஊருக்கு வெளியே இறக்கிவிட்டு, அக்கா தங்கச்சிகளே பார்த்துப் போங்க என்றார்கள்.

இதற்குள் எனக்கு முப்பது தாண்டியிருந்தது. அரசு வேலைக்கு வயது வரம்பு உண்டு. தெரிந்தவர்கள் என் கல்யாணத்தைப் பற்றி விசாரிப்பார்கள். என் மனதில் ஓடிக்கொண்டிருந்த கணக்கு அந்த வரம்பு மட்டும்தான்.

கடைசி வாதம் நடந்த அன்று நாங்கள் எல்லோரும் கோர்ட்டு அறையின் பின்வரிசையில் நெருக்கிக்கொண்டு நின்றோம். மேலே புறா சத்தம். அரசு வக்கீல் எழுந்தார். "சட்டத்தின் பார்வையில் இவர்கள் யாரும் பயிற்சியே பெறவில்லை" என்றார். பரீட்சை வைத்தது அதே அரசு. சான்றிதழில் முத்திரை குத்தியது அதே அரசு. அதன் வக்கீல்தான் இப்படிச் சொல்கிறார்.

நான் கை தூக்கினேன். வகுப்பில் தூக்குகிற மாதிரி. என்னை அறியாமல் தூக்கிவிட்டேன். ஷிப்ரா சட்டென்று என் கையை இழுத்துக் கீழே போட்டாள். "இது கிளாஸ் இல்லடி. இங்கே தெரிஞ்சவங்க பேசக் கூடாது."

கேஸில் கல்லூரியும் ஒரு தரப்பு. அதனால் பிறகு மஜும்தார் பாபுவின் வக்கீல் எழுந்தார். கட்சிக்காரரைக் காப்பாற்றுகிற அவசரத்தில் எல்லாவற்றையும் கொட்டினார். "புதிய சட்டம் என் கட்சிக்காரருக்கு ஆரம்பத்திலேயே தெரியும். உடனே தில்லிக்கு விண்ணப்பமும் போட்டார். அந்த ஆண்டு மாணவர்களைச் சேர்ப்பதற்கு முன்பே போட்டார். பதில்தான் வரவில்லை."

அந்த ஆண்டு மாணவர்கள் என்றால் நாங்கள்தான். சேர்ப்பதற்கு முன்பே தெரியும். அப்பா கேள்வி கேட்டது அதற்குப் பிறகு.

தீர்ப்பு எங்களுக்கு எதிராக வந்தது. ஒரு வருஷப் பயிற்சி பயிற்சி ஆகாது. நீதிபதி மேல் எனக்கு அன்றைக்கும் கோபம் இல்லை, இன்றைக்கும் இல்லை. சட்டம் இரண்டு வருஷம் என்றால் இரண்டு வருஷம்தான். தெரிந்தே ஒரு வருஷத்தை விற்றவன் எவனோ, அதைப் பார்த்துக்கொண்டே முத்திரை குத்தியவன் எவனோ, அவன் சட்டையைத்தான் நான் பிடிக்க வேண்டும்.

வராந்தாவில் மஜும்தார் பாபுவை மறித்தேன். "எங்கப்பா கேட்டப்பவே உங்களுக்குத் தெரியுமா?"

"வக்கீலுங்க பேசுறதையெல்லாம் காதுல வாங்காதேம்மா. உனக்கு நான் பொறுப்பு."

இது இரண்டாவது பொய்.

ஷிப்ரா அத்தோடு விட்டுவிட்டாள். வீட்டிலேயே டியூஷன் ஆரம்பித்தாள். நான் காளிகாட் பள்ளியில் சேர்ந்தேன். தனியார் பள்ளியில் யாரும் தில்லியைக் கேட்பதில்லை. பிள்ளைகள் அடங்குகிறார்களா என்பதுதான் அங்கே தகுதி.

அதே ஹார்மோனியம்

மஜும்தார் பாபு மறுபடி எழுந்தார். அவரைப் போன்றவர்கள் விழுந்தே நான் பார்த்ததில்லை. இந்த முறை இரண்டு வருஷக் கல்லூரி, தில்லி அங்கீகாரம், புதுப் பெயர்ப்பலகை. கல்யாண மண்டபம் முழுவதையும் வளைத்துவிட்டார். உள்ளே போய்ப் பார்த்த ஷிப்ரா சொன்னாள், ஹார்மோனியம் பழையதுதானாம். அந்தக் கட்டை இன்னும் பேசவில்லையாம்.

பயிற்சிப் பெண்களுக்குப் பாடம் நடத்திப் பழக ஒரு பள்ளி வேண்டும். அரசுப் பள்ளிகளில் இடம் கிடைக்காமல் எங்கள் பள்ளிக்கு வந்தார். என் வகுப்புக்குள் நுழைந்து, கேட்காமல் என் நாற்காலியில் உட்கார்ந்தார். பிறகுதான் என்னைப் பார்த்தார்.

"அட, ஷெல்பியா? நல்லதாப் போச்சு. என் பிள்ளைங்களை உன்கிட்டயே விடுறேன்."

"பயிற்சி பெற்ற டீச்சர்தானே கையெழுத்துப் போடணும்? நான் பயிற்சி இல்லாதவ. கோர்ட்டே சொல்லிருச்சு."

"அது வேலைக்கு. இது வேற."

"நோட்டுல அப்படித்தானே அச்சடிச்சிருக்கு?"

"அச்சடிச்சவன் வந்து உன் மூஞ்சியைப் பார்க்கப் போறானா? நீ என் மாணவி. நான் பழக்கினவ. எனக்குத் தெரியாதா உனக்குப் பயிற்சி உண்டா இல்லையான்னு?" பிறகு குரலை இறக்கினார். "உன் வயசு தாண்டுறதுக்குள்ள உன்னை கவர்மென்ட் ஸ்கூலுக்குள்ள தள்ளுறது என் பொறுப்பு. நீ இதை மட்டும் செஞ்சு குடு."

மூன்றாவது பொய்.

தலைமை ஆசிரியைக்கு மஜும்தார் பாபு வேண்டியவர். நான் முடியாது என்றால் வேலை போகும். ஆனால் அதற்காக மட்டும் போடவில்லை. அந்தப் பெண்கள் வந்து நின்றார்கள். எங்களைப் போலவே குவார்ட்டர்ஸிலிருந்தும் சந்துகளிலிருந்தும் வந்த பெண்கள். அவர்கள் என்ன தப்பு செய்தார்கள்? அவர்களை உட்கார்ந்து பார்த்தேன், திருத்தினேன், திட்டினேன், கையெழுத்துப் போட்டேன். ஒரு பாடத்தையும் பார்க்காமல் போட்டதில்லை.

ருமாவுக்கு வேலை கிடைத்தது. பேஹாலா பக்கம் அரசு ஆரம்பப் பள்ளி. சந்தேஷ் மிட்டாய் டப்பாவோடு குவார்ட்டர்ஸுக்கு வந்து, என் காலையும் அம்மா காலையும் தொட்டுக் கும்பிட்டாள்.

"தீதி, நீங்க எப்ப கவர்மென்ட் ஸ்கூலுக்கு வருவீங்க?"

"நீ ஹெட்மிஸ்ட்ரஸ் ஆனதும் கூப்பிடு, வாறேன்."

அவள் போன பிறகு அம்மா ஒரு சந்தேஷைப் பிட்டு வாயில் போட்டாள். "நல்லாத்தான் இருக்கு. ஓன் கையெழுத்துல இவளுக்கு வேல கெடச்சிட்டு. ஒனக்கு யாருட்டி கையெழுத்துப் போடணும்?"

இரண்டு கட்டங்கள்

பிறகு ஒரு வழி பிறந்தது. பழைய ஒரு வருஷக்காரர்கள் இன்னும் ஒரு வருஷம் படித்தால் முழுப் பயிற்சியாக எடுத்துக்கொள்வோம் என்று அறிவித்தார்கள். என் வயது வரம்புக்கு இன்னும் கொஞ்சம் இடைவெளி இருந்தது. நேரத்துக்கு முடித்தால் ஒரு தேர்வுக்குப் போகலாம். ஒன்றே ஒன்று.

எனக்கு ஒதுக்கிய கல்லூரி மஜும்தார் பாபுவுடையது. சேரும்போது ஷிப்ராவையும் கூப்பிட்டேன். "அந்த ஆள்கிட்ட மறுபடியுமா? அதுக்கு நான் கல்யாணத்துக்கு மீன் வறுக்கப் போவேன்" என்றாள்.

அறிமுகம் செய்தபோது மஜும்தார் பாபு மற்ற பெண்களிடம், "இவ பழைய ஆளு, உங்களுக்கே சொல்லிக்குடுப்பா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அவர்களில் சிலர் என்னிடம் கையெழுத்து வாங்கியவர்கள்.

பாடம் நடத்திப் பழகுகிற நேரம் வந்தது. யாருக்கு எந்தப் பள்ளி என்று பிரித்தார்கள். ஏற்கெனவே பள்ளியில் வேலை பார்ப்பவர்கள் அங்கேயே நடத்தலாம் என்றார்கள். எனக்கு என் பள்ளி. என் மூன்றாம் வகுப்பு. அதே கரும்பலகை, அதே பிள்ளைகள், அதே பாகு வாடை. பல வருஷமாக நடத்துகிற பாடத்தை நடத்திப் பழக வேண்டும்.

அதுகூடப் பரவாயில்லை. நோட்டில் இரண்டு கட்டம். இந்தப் பக்கம் பயிற்சி மாணவி கையொப்பம். அந்தப் பக்கம் பயிற்சி பெற்ற வகுப்பாசிரியர் கையொப்பம்.

"சார், அந்தப் பக்கம் யார் போடுறது?"

"கிளாஸ் டீச்சர் யாரு?"

"நான்."

"அப்ப நீ போடு."

"மாணவியும் நான், டீச்சரும் நானா?"

"கட்டம் நிரம்பணும்மா. அவ்வளவுதான்."

"இந்தப் பக்கம் போட்டா நான் பயிற்சி இல்லாதவ. அந்தப் பக்கம் போட்டா நான் பயிற்சி பெற்றவ. நடுவுல இருக்கிறது ஒரு கோடு. இதைத் தாண்ட எனக்கு இத்தனை வருஷமா?"

ஆபீசில் இருந்த கிளார்க் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தார். மஜும்தார் பாபு சிரிக்கவில்லை.

"போடுறேன் சார். நீங்க ஒண்ணு எழுதிக் குடுங்க. வகுப்பாசிரியரா நான் போடுற கையெழுத்து பயிற்சி பெற்ற ஆசிரியரோட கையெழுத்துதான்னு எழுதிக் குடுங்க. அப்ப எதுக்கு எனக்கு இன்னொரு வருஷம்னு நான் தில்லியைக் கேட்டுக்கறேன். இல்லை, செல்லாதுன்னு எழுதுங்க. அப்ப இத்தனை வருஷம் என்கிட்ட அனுப்பின பொண்ணுங்களுக்கு எப்படிச் செல்லுச்சுன்னு நீங்க சொல்லுங்க."

அவர் வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்து உட்கார்ந்தார். "நீ ரொம்பப் பேசுறே, ஷெல்பி. கோர்ட்டுக்குப் போய்ப் போய்க் கெட்டுட்டே."

எழுதிக் கொடுக்கவில்லை. நானும் போடவில்லை. எல்லோருக்கும் முடிவு வந்தது. எனக்கு வரவில்லை. செய்முறைப் பயிற்சி முழுமையாகவில்லை என்று நிறுத்திவைத்தார்கள். நடையாய் நடந்தேன். கிளார்க் அண்ணன் ஒருநாள் மெதுவாகச் சொன்னார்: "தீதி, பாபு சொல்லாம நான் ஒண்ணும் செய்ய முடியாது. அவருக்குக் கோபம் ஆறணும்."

ஆறியது. எங்கள் பள்ளியில் அட்மிஷன் வேலை பார்த்த பெண், தலைமை ஆசிரியையின் சொந்தக்காரப் பெண், ஒரு வகுப்புக்கும் பாடம் நடத்தாதவள், அந்தக் கட்டத்தில் கையெழுத்துப் போட்டாள். உடனே என் பயிற்சி முழுமையாகிவிட்டது. சான்றிதழ் வந்தது. தில்லி ஒத்துக்கொள்கிற சான்றிதழ்.

அதற்குள் தேர்வு முடிந்திருந்தது. அடுத்த தேர்வு அறிவிக்கும்போது நான் வயது வரம்பைத் தாண்டியிருந்தேன்.

இன்றைக்கு என்னிடம் இரண்டு வருஷப் பயிற்சியும் முழுசாக இருக்கிறது. யாரும் பேனாவால் தள்ள முடியாது. என்னைக் கூப்பிடத்தான் யாரும் இல்லை. அப்பா ஓய்வு பெற்றுக் குவார்ட்டர்ஸை ஒப்படைத்தார். அவரும் அம்மாவும் தூத்துக்குடிக்குப் போனார்கள். நான் லேக் மார்க்கெட் பக்கம் ஒரு அறையில் இருந்துகொண்டு காளிகாட்டுக்கு நடந்தே போய்வந்தேன். ரயில் ஏறும்போது அப்பா சொன்ன கடைசி வார்த்தை, "நான் இன்னும் ரெண்டு கேள்வி கேட்டிருக்கணும்." அவர் கேட்டது சரியான கேள்விதான். பதில்தான் பொய்.

பதில் சொல்லுங்கள்

மஜும்தார் பாபு இப்போது டிவியில் வருகிறார். பள்ளிக் கல்வியின் தரம் ஏன் குறைந்தது என்று விளக்குகிறார். தகுதியில்லாத ஆசிரியர்கள்தான் காரணமாம். போன மாதம் ஷிப்ரா போன் செய்து, "டிவியைப் போடு, உன்னைப் பற்றித்தான் பேசுறான்" என்றாள். போட்டேன். பார்த்தேன். அதனால்தான் இந்த வாரம் வேறு எதையும் எழுத முடியவில்லை.

அவருக்குத் தமிழ் தெரியாது. கவலை வேண்டாம். இதை ஷிப்ரா வங்காளத்தில் எழுதுகிறாள். அவள் எழுதினால் இதைவிடக் காரமாக இருக்கும். ஒன்று அவர் வீட்டுக்குப் போகும், ஒன்று அவர் பேசுகிற டிவி நிலையத்துக்கு, ஒன்று கல்லூரி வாசலில் ஒட்டப்படும். அவர் பதில் எழுதினால் ஒரு வரி வெட்டாமல் போடுவதாக இந்தப் பத்திரிகை ஆசிரியர் ஒத்துக்கொண்டிருக்கிறார்.

ருமா, இது உன் காதுக்கு வந்தால் பயப்படாதே. உன் வேலை மேல் எனக்குக் கண் இல்லை. தலைகீழாகத் தொங்கிய செடியை வைத்துக்கொண்டு நீ நடத்திய பாடம் நல்ல பாடம். கடைசி பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தவள் நான். அன்றைக்கு எழுதியதில் ஒரு எழுத்தைக்கூட மாற்ற மாட்டேன்.

மஜும்தார் பாபு, உங்களிடம் வேலை கேட்கவில்லை. போன வயதைக் கேட்கவில்லை. மன்னிப்பும் வேண்டாம், அதை வைத்து நான் என்ன செய்வது? அந்த மூன்றாம் வகுப்பில், உங்கள் பெண்களின் நோட்டில், நீங்கள் காட்டிய இடத்தில் நான் போட்டது பயிற்சி பெற்ற ஆசிரியையின் கையெழுத்தா, இல்லையா? ஆமாம் என்றால் என்னை எதற்காக வெளியே நிறுத்தினீர்கள் என்று சொல்லுங்கள். இல்லை என்றால் தில்லிக்கு என்ன சொல்லி அந்த நோட்டுகளை அனுப்பினீர்கள் என்று சொல்லுங்கள். டிவியில் சொன்னாலும் சரி, இந்தப் பக்கத்தில் எழுதினாலும் சரி. அடியில் உங்கள் முழுப் பெயரையும் எழுதி, நீங்களே கையெழுத்துப் போடுங்கள்.